கருக்காமடைக்கு மேடு வந்த கதை

மினிபஸ்ஸை விட்டு இறங்கிய யோகமலர், பையைத் தோளில் மாட்டிக்கொண்டு மேற்கே பார்த்து நடக்கத் தொடங்கியதும், கருக்காமடை என்ற அந்த ஊர் மேற்கே உயர்ந்து கிழக்கே சாய்ந்தது. பெரிய ஆரவாரம் எதுவும் இல்லை. வீடு இடியவில்லை, மாடு மிரளவில்லை, கோயில் மணி தானாக அடிக்கவில்லை. காசிலிங்கம் டீக்கடையின் பெஞ்சு மேலிருந்த கிளாஸ் ஒன்று யாரோ கூப்பிட்டதுபோல மெல்ல நகர்ந்து, விளிம்பில் சற்று நின்று யோசித்து, பிறகு விழுந்து உடைந்தது. உடைந்த கிளாஸுக்குக் குடித்தவர் பொறுப்பா, கடைக்காரர் பொறுப்பா என்ற வழக்கு சூடுபிடித்துக்கொண்டிருந்தபோதே, ஐஸ் பெட்டி கட்டிய சைக்கிள் ஒன்று ஆளில்லாமல் கிழக்குத் தெருவைப் பார்த்துப் போயிற்று. அதைத் துரத்திப் பிடித்துத் தள்ளிக்கொண்டு வந்த ஐஸ்காரருக்கு மூச்சு வாங்கியது. அந்த ஊர்த் தெருவில் நடந்து யாருக்கும் அதுவரை மூச்சு வாங்கியதில்லை என்பதால், அவருக்கு நெஞ்சு நோய் என்று முடிவு செய்து ஆளுக்கொரு மருந்து சொன்னார்கள்.

சேதுச் சீமையே தட்டை. அதிலும் கருக்காமடை தட்டைக்கு உதாரணம் சொல்லத் தக்க ஊர். வெள்ளைக்காரர் காலத்தில் நிலம் அளக்க வந்த துரை ஒருவர், கண்ணாடி பதித்த பித்தளைக் கருவியை முக்காலியில் நிறுத்தி நாள் முழுக்க ஒற்றைக் கண்ணால் பார்த்துவிட்டு, இந்த ஊரில் மேடும் இல்லை பள்ளமும் இல்லை, ஆகவே கண்மாய்த் தண்ணீர் எல்லா வயலுக்கும் ஒன்றுபோலப் பாயும், ஆகவே எல்லா வயலுக்கும் ஒரே தீர்வை என்று தீர்மானித்தாராம். கணித சாஸ்திரப்படி அதில் ஒரு குற்றமும் காண முடியாது. மடையை ஒட்டி வயல் வைத்திருப்பவன் வாய்க்காலை மறித்துக்கொண்டால் கடைசி வயலுக்குத் தண்ணீர் போகாது என்பது கணிதத்தில் சேராத சங்கதி. கடைமடைக்காரர்கள் வராத தண்ணீருக்குத் தீர்வை கட்டிப் பார்த்தார்கள். பிறகு பஞ்சம் வந்தது. பஞ்சத்தின் பின்னாலேயே, தேயிலைத் தோட்டத்துக்கு ஆள் பிடிக்க, தலைப்பாகை கட்டிய கங்காணி வந்தான். கங்காணியின் பின்னாலேயே கடைமடையில் பாதிப் பேர் போனார்கள்.

அப்படிப் போனவர்களில் ஒருவன் இருளாண்டி. மண்டபம் முகாமில் மருந்துத் தண்ணீரில் நனைந்து, கடல் கடந்து, மன்னாரில் இறங்கி, காட்டுவழி நடந்து, மலையேறி, ஏறி, இன்னும் ஏறி, தேயிலைத் தூர்களுக்கு நடுவே மறைந்தான். அவன் மகன் மலையேறினான், மகனுடைய மகன் மலையேறினான். நடுவே இரண்டு அரசாங்கங்கள் உட்கார்ந்து, இத்தனை பேர் உனக்கு, இத்தனை பேர் எனக்கு என்று கிடை ஆட்டைப் பிரிப்பதுபோலப் பிரித்ததில் அந்தப் பேரன் சின்னையா சிலோனுக்கும் அவன் தம்பி இந்தியாவுக்கும் விழுந்தார்கள். சின்னையாவின் மகள்தான் யோகமலர். அவளும் அட்டன் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் கூடையின் கயிற்றைத் தலையில் மாட்டிக்கொண்டு ஏறத் தொடங்கி, ஒரு கால் மேலேயும் ஒரு கால் கீழேயுமாக நின்றே கொழுந்தெடுத்து, முழங்கால் தேய்ந்து, ஓய்வு பெற்று, கணவனை அடக்கம் செய்து, கொழும்பில் வேலை செய்யும் மகள் எடுத்துக் கொடுத்த டிக்கெட்டில் திருச்சிக்கு வந்து, பஸ் மாறிப் பஸ் மாறி இங்கே இறங்கியிருந்தாள்.

ஊர் பார்க்க வரவில்லை. ஒரே ஒரு விஷயம் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. அரிசி தீர்ந்துபோன நாட்களில் சின்னையா பிள்ளைகளைப் படுக்க வைத்துவிட்டுச் சொல்வார்: "நம்ம ஊர்ல மடைக்கருப்பருக்குக் கெடா வெட்டுவாங்க. பங்காளிக்கு ஒரு கூறுன்னு கறி பிரிப்பாங்க. நம்ம கூறும் எடுத்து வைப்பாங்க. போய் வாங்கத்தான் ஆள் இல்ல." இல்லாத கறியை நினைத்து எச்சில் விழுங்கிக்கொண்டே பிள்ளைகள் தூங்கிப்போவார்கள். சாகும்போதும் அவர் அதைத்தான் சொன்னார். கூறு எடுத்து வைக்கிறார்கள் என்றால், கடல் கடந்து போன இத்தனை சனத்தையும் எங்கோ ஒரு ஊர் இன்னும் ஆளாக எண்ணிக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். எடுத்து வைக்கவில்லை என்றால், பசித்த பிள்ளைகளிடம் நாலு தலைமுறையாகச் சொன்னது பொய். யோகமலருக்கு இரண்டில் எது என்று தெரிந்தால் போதும். விசா முடிவதற்குள் கருப்பர் படையல் வருகிறது என்று விசாரித்துத்தான் வந்திருந்தாள்.

டீக்கடையில் காசிலிங்கம் கேட்டார்.

"யாரைப் பாக்கணும்?"

"மடைக்கருப்பர் கோயில் பங்காளிங்களப் பாக்கணுங்க. நாங்க இருளாண்டி வகையறா."

"எந்த இருளாண்டி? ஊருக்குள்ள கல்லெறிஞ்சா நாலு இருளாண்டி மேல படும்."

"சிலோனுக்குப் போனவருங்க."

"போனவக பேரை யாரும்மா வச்சிருக்கா? இருக்கிறவன் பேரே ரேஷன் கார்டுல தப்பாக் கெடக்கு."

கடைக்குப் பால் ஊற்ற வந்திருந்த குருவாயி, கேனுக்குள் பால் ஒரு பக்கமாக ஒதுங்கி நிற்பதையே பார்த்துக்கொண்டிருந்தாள். கடைமடைத் தெருவில் வாழ்க்கைப்பட்டவள். வாய்க்கு அஞ்சி அந்தத் தெரு நாய்கூட அவளைப் பார்த்துக் குரைக்காது. யோகமலர் காசிலிங்கத்திடம் பேச வடக்கே திரும்பினாள். பால் தெற்கே ஒதுங்கியது. டம்ளரை வாங்கக் கிழக்கே திரும்பினாள். பால் மேற்கே ஒதுங்கியது.

"யக்கா," என்றாள் குருவாயி. "செத்த அங்கிட்டுத் திரும்புங்க. ம். இப்ப இங்கிட்டு."

யோகமலர் திரும்பினாள். அவள் முகம் பார்த்த திசையில் ஊர் எழுந்தது. முதுகுப் பக்கம் தாழ்ந்தது.

"இது உங்க கூட வந்ததா?"

யோகமலர் தன் கால்களைக் குனிந்து பார்த்தாள். "நாலு தலைமுறையா ஏறிக்கிட்டே இருந்தோமுங்க," என்றாள் களைப்பாக. "அட்டை ஒட்டிக்கிட்டு வர்ற மாதிரி ஒட்டிக்கிட்டு வந்திருக்கும். மன்னிச்சுக்கிருங்க."

"மன்னிக்கவா? நல்லாருக்கே!" குருவாயியின் மூளை அதற்குள் வாய்க்கால் வழியாகக் கடைமடைக்குப் போய்ச் சேர்ந்திருந்தது. "பையைக் குடுங்க மதினி. நம்ம வீட்டுக்குப் போவம்."

யக்கா மதினி ஆனதற்கு இடையில் மூச்சுவிடும் நேரம்கூட ஆகவில்லை என்பதை டீக்கடை கவனித்தது.

ஊர் இதற்கு அதிகம் ஆச்சரியப்படவில்லை. முன்பெல்லாம் சிலோனிலிருந்து வருகிறவர்கள் வாசனைச் சோப்பும் டேப்ரெக்கார்டரும் கொண்டு வருவார்கள், இந்தம்மா மேடு கொண்டு வந்திருக்கிறது என்றார்கள். கட்டில் கால்களுக்கு முட்டுக் கொடுக்கச் செங்கல் தேடினார்கள். சாப்பிட உட்காருகிறவர்கள், யோகமலர் எந்தத் திசை பார்த்து இருக்கிறாள் என்று விசாரித்துவிட்டு, இலையின் எதிர்ப்பக்கத்தில் சோற்றால் கரை கட்டிய பிறகே ரசத்தை வாங்கினார்கள். நெல்மூட்டை வண்டிக்காரர்கள் குருவாயி வீட்டு வாசலில் வந்து நின்று, "யக்கா, கொஞ்சம் தெக்கே பாருங்க, வண்டி இந்த முக்கைத் தாண்டிரட்டும்," என்று பணிவாகக் கேட்டார்கள். மாப்பிள்ளை பார்க்க வெளியூரிலிருந்து வந்தவர்கள், மாப்பிள்ளை வீடு மேட்டிலா பள்ளத்திலா என்று கேட்டதற்கு, காலையில் மேட்டில், சாயங்காலம் பள்ளத்தில் என்று சொல்லப்பட்டதும், காப்பியை மட்டும் குடித்துவிட்டு எழுந்துபோனார்கள். புகாரின் பேரில் வந்த இன்ஜினியர் ரசமட்டத்தைத் தரையில் வைத்தார். உள்ளிருந்த குமிழ் ஒரு முனைக்கு ஓடிப்போய் ஒட்டிக்கொண்டது. அவர் பழைய வரைபடத்தை விரித்துப் பார்த்தார், ஊர் சமதளம் என்று அதில் தெளிவாக இருந்தது, ரசமட்டம் பழுது என்று முடிவு கட்டிக்கொண்டு ஜீப்பில் ஏறிச் சரிந்து போனார்.

அலுத்துப்போனவள் யோகமலர் ஒருத்திதான். சமதரையில் கொஞ்சம் நடந்து பார்க்கலாம் என்று உள்ளூர ஒரு ஆசையோடு வந்தவள் அவள். இங்கேயோ குழாயடிக்குப் போனாலும் ஏற்றம், திரும்பி வந்தாலும் ஏற்றம், கொல்லைக்குப் போனாலும் ஏற்றம். பின்பக்கமாக நடந்தால் இறக்கம்தானே என்று யாரோ யோசனை சொன்னார்கள். நடந்து பார்த்தாள், கழுத்து பிடித்துக்கொண்டது, ஒரு ஆட்டுக்குட்டியையும் மிதித்தாள்.

ஊரின் போக்கை மாற்றியது தண்ணீர். குருவாயி அவளைக் கண்மாய் பக்கம், அதாவது மேற்கே, பார்த்து உட்கார வைத்தாள். மடையிலிருந்து புறப்பட்ட தண்ணீர் வழியில் போட்டிருந்த தடுப்புகளையெல்லாம் தள்ளிக்கொண்டு, மடையடி வயல்களுக்கு முகம் கொடுக்காமல், கிழக்கே கடைமடைக்குப் பாய்ந்தது. துரை தீர்வை போட்டுப் போன காலத்திலிருந்து அந்த வயல்கள் பார்த்திராத தண்ணீர். கடைமடைக்காரர்கள் இறங்கி நின்று முழங்கால் வரை நனைந்தார்கள், ஒரு கிழவர் தண்ணீரைப் பார்த்து, "இம்புட்டு நாளா எங்கடி போயிருந்த?" என்று திட்டினார்.

மறுநாளே வயிரவன் அம்பலம் வந்துவிட்டார். மடையடி வயல்களில் பெரும்பகுதி அவருடையது. கருப்பர் கோயிலில் முதல் திருநீறும் அவருக்கே.

"ஏத்தா, சௌகரியமா இருக்கீகளா? இங்கன இருட்டாக் கெடக்கு. நம்ம வீட்டு மாடியில வந்து இருங்க, கிழக்கே பாத்த ஜன்னல், காத்து பிச்சுக்கிட்டு வரும்."

"கிழக்கே பாக்கட்டும்னு கூப்புடுறீக," என்றாள் குருவாயி. "பாத்தா தண்ணி உங்க வயலுக்குத் திரும்பிரும். காத்தாம்ல, காத்து!"

"நீ சும்மா இருடி. நான் ஆத்தாகிட்டப் பேசிக்கிட்டிருக்கேன்."

யோகமலர் கேட்டாள்: "ஐயா, கருப்பருக்குக் கெடா வெட்டுறப்ப எங்க பூட்டன் இருளாண்டிக்குக் கூறு எடுத்து வைப்பாங்களா?"

அம்பலம் மேல்துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். "அப்படி ஒரு தலைக்கட்டு இப்ப இல்லையே ஆத்தா. போனவன் கூறு போச்சு. அதுவும் போக, கட்டிக் குடுத்த பொண்ணு பங்காளி ஆக முடியாதுல்ல."

"கட்டிக் குடுத்தவரும் செத்துட்டாருங்க, கட்டினவரும் செத்துட்டாருங்க. நான் மட்டுந்தான் மிச்சம்."

"அது தெய்வ சித்தம். முறைன்னு ஒண்ணு இருக்குல்ல."

முறை என்று வந்தால் ஊர்க்கூட்டம் கூட வேண்டும். கூடியது. ஆலமரத்தடியில் அடிதடிக்குச் சற்று முன்பு வரை போய், பிறகு எல்லோருக்கும் சம்மதமான ஒரு ஏற்பாட்டுக்கு வந்தார்கள்: யோகமலர் காலையில் கோயில் திடலில் மேற்கே பார்த்து உட்கார வேண்டியது, மத்தியானத்துக்கு மேல் கிழக்கே பார்த்து உட்கார வேண்டியது, சரியாகத் திரும்புகிறாளா என்று பார்த்துக்கொள்ள இரண்டு தரப்பிலும் ஒவ்வொரு ஆள். அந்த இரண்டு ஆட்களும் முதல் நாள் விடியலிலேயே வந்து, "எந்திரிங்கக்கா, நேரமாச்சு," என்று குரல் கொடுத்தபோது, யோகமலர் பாயிலேயே உட்கார்ந்து வாய்விட்டுச் சிரித்தாள். குருவாயி என்னவென்று கேட்டதற்கு, "பெரட்டுக்குக் கூப்பிடுறாங்க," என்றாள். தோட்டத்தில் விடியலில் சனத்தை வரிசையில் நிறுத்தி, யார் எந்த மலைக்கு ஏற வேண்டும் என்று சொல்லி அனுப்புவதற்கு அந்தப் பெயர். இருளாண்டியைக் கொண்டுபோன கங்காணியாவது மலையைக் காட்டி ஏறச் சொன்னான். இவர்கள் உட்கார்ந்த இடத்திலேயே ஏறச் சொல்கிறார்கள்.

ஆனாலும் அவள் போய் உட்கார்ந்தாள். படையல் வரை இருந்தாக வேண்டும். சொன்ன திசையில் முகத்தை வைத்துக்கொண்டு, எழும்பி நிற்கும் தரையைப் பார்த்தபடி இருந்தாள். நீர் பாய்ந்தது, நாற்று பச்சை பிடித்தது, ஊரார் போகிற போக்கில், "சாப்பிட்டாச்சா சிலோனக்கா?" என்று கேட்டுவிட்டுப் பதிலுக்கு நிற்காமல் போனார்கள்.

படையலன்று மடைக்கருப்பருக்குக் கிடாய்கள் வெட்டினார்கள். அங்கே கறி பிரிப்பதற்கு ஒரு வழக்கம் உண்டு. திடலில் பனையோலைப் பாய்களை விரித்து, கறியைக் கூறு கூறாகக் குவிப்பார்கள். வயதில் மூத்த பங்காளி ஒருவர் கூறுகளுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பார். வெட்டியவன் ஏதாவது ஒரு கூறைத் தொட்டு, "இது யாருக்கு?" என்பான். முதுகு காட்டி நிற்பவர் ஒரு தலைக்கட்டின், அதாவது ஒரு பங்காளிக் குடும்பத்தின், பெயரைச் சொல்வார். எது சின்னது எது பெரியது என்று அவருக்குத் தெரியாததால் சண்டைக்கு வழியில்லை. பறையடித்தவர், மண்குதிரை செய்த குயவர், சவரம் செய்தவர் ஆகியோருக்கு இந்தக் கூறில் இடமில்லை. அவர்களுக்கு ஒரு ஓரத்தில் தனியாக எடுத்து வைப்பார்கள். சேவகத்துக்குக் கொடுக்கும் அந்தக் கறிக்குப் பழைய நாளில் சுதந்திரம் என்று பெயர். பிற்பாடு அந்தச் சொல்லை நாட்டுக்குக் கொடுத்துவிட்டார்கள்.

அந்த ஓரத்தில் அன்றைக்கு நல்ல தொடைக்கறியாக ஒரு பொட்டலம் கூடுதலாக இருந்தது. அம்பலமே அதை எடுத்துக்கொண்டு யோகமலரிடம் வந்தார்.

"இந்தாங்க ஆத்தா. உங்களை விட்டுருவமா?"

"இது கூறுங்களா, கூலிங்களா?"

"கறிதான் ஆத்தா. எந்தப் பேருல வந்தா என்ன, கொழம்புல ஒண்ணுதான்."

யோகமலர் கையை நீட்டவில்லை. பனையோலைப் பாய்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். முதுகு காட்டி நின்ற மாயழகு பெயர்களைச் சொல்லிக்கொண்டே வந்தார், ஒவ்வொரு பெயருக்கும் ஒருவர் எழுந்துபோய் வாங்கிக்கொண்டு வந்தார், பாய்கள் காலியாயின. பெயர்கள் முடிந்தன. மாயழகு இடுப்பைப் பிடித்துக்கொண்டு மூச்சு விட்டார். கடைசிப் பாயில் ஒரு கூறு மிச்சமிருந்தது. மற்றவற்றைப் போலவே அதிலும் கறி, ஈரல், எலும்பு எல்லாம் அளவாக இருந்தது.

வெட்டியவன் அதைத் தொட்டான். "இது யாருக்கு?"

"நாய்க்கு," என்றார் மாயழகு, தூக்கக் கலக்கத்தில் சொல்வதுபோல.

யோகமலர் எழுந்தாள். "எந்த நாய்க்குங்க?"

கூட்டம் திரும்பிப் பார்த்தது. மாயழகு முதல்முறையாக இந்தப் பக்கம் திரும்பினார். "கருப்பரு நாய்க்கும்மா. அது முறை."

"எதுக்கு நாய்க்குப் பங்காளிக் கூறு? எலும்ப வீசினா போதாதுங்களா?"

"அது..." மாயழகு வெட்டியவனைப் பார்த்தார். வெட்டியவன் அம்பலத்தைப் பார்த்தான். "எங்கப்பா முதுகு காட்டி நின்ன காலத்துலயும் ஒரு கூறு மிஞ்சும். அவுக அப்பா காலத்துலயும் மிஞ்சுமாம். தலைக்கட்டை எண்ணிட்டு ஒண்ணு கூடப் போடணும்னு சொல்லிக் குடுத்துருக்காக. யாருக்குன்னு சொல்லல. மிஞ்சினதைக் கெடக்கிற நாய் திங்கும். அதுனால நாய்க்குன்னு சொல்லிப் பழகிட்டோம்."

குருவாயி சேலைத் தலைப்பை வாயில் பொத்திக்கொண்டு, "அடியாத்தே," என்றாள்.

யோகமலர் நடந்தாள். அவளுக்கு முன்னால் எப்போதும்போலத் தரை எழுந்தது. மூச்சு வாங்க, முழங்காலில் கையூன்றி, ஏறிப்போய்க் கடைசிப் பாயருகே நின்றாள்.

"ஆத்தா, அதைத் தொடாதீக, நாய்க்கூறு, கேவலம்," என்று பின்னால் வந்தார் அம்பலம். "இந்தா, தொடைக்கறி இருக்கு. வேணும்னா இன்னும் கூடப் போடச் சொல்றேன்."

"கேவலமில்லீங்க. இது எங்களோடது."

பனையோலையோடு அதைச் சுருட்டி எடுத்துக்கொண்டாள். எலும்பில் பாதியைப் பிரித்துத் திடலோரம் படுத்திருந்த நாய்க்குப் போட்டாள். இத்தனை காலம் இருளாண்டி வகையறா சார்பில் வந்திருந்து வாங்கிக்கொண்டது அதனுடைய ஆட்கள்தானே. குருவாயி தன் சட்டியையும் மிளகாயையும் கொண்டுவந்து வைத்தாள். மூன்று கல் கூட்டி, கோயிலெதிரே, ஊர் பார்க்க, யோகமலர் அந்தக் கறியைச் சமைத்தாள். சோறு இல்லை. கறியை மட்டும் பிய்த்து, ஊதி, நிதானமாகச் சாப்பிட்டாள். உப்புச் சற்று அதிகம். சின்னையாவுக்கும், சின்னையாவின் அப்பாவுக்கும், அவரைப் பெற்ற இருளாண்டிக்கும் சேர்த்துச் சாப்பிட வேண்டியிருந்ததால் நேரமாயிற்று. சட்டியில் ஒட்டியதையும் வழித்துத் தின்றாள்.

அதற்குள் மத்தியானம் திரும்பிவிட்டது. இரண்டு தரப்பு ஆட்களும் எழுந்து வந்தார்கள். "யக்கா, கிழக்கே திரும்பி உக்காருற நேரம்."

"அசதியா இருக்கு," என்றாள் யோகமலர். கையைக் கழுவிவிட்டு, வேப்பமரத்து நிழலில் மல்லாந்து படுத்தாள்.

அப்படி அவள் படுத்ததே இல்லை. தோட்டத்து லயக் குடியிருப்பில், காம்பரா என்கிற ஒற்றை அறைக்குள் அத்தனை பேரும் படுக்க வேண்டுமென்றால் ஒருக்களித்துத்தான் படுக்க முடியும். பிள்ளையாக இருந்தபோது சுவரைப் பார்த்தும், தாயான பிறகு பிள்ளையைப் பார்த்தும், குருவாயி வீட்டில் பழக்கத்தினாலும் அவள் ஒருக்களித்தே தூங்கினாள். இப்போது இரண்டு கையையும் அகல விரித்து, முகம் வானத்தைப் பார்க்க, கண்ணை மூடினாள்.

ஊர் இறங்கியது. மேற்கும் கிழக்கும் ஒன்றையொன்று பார்த்தபடி மெல்ல ஒரே மட்டத்துக்கு வந்து நின்றன. கட்டில்களுக்குக் கீழே செங்கற்கள் துருத்திக்கொண்டன. வாய்க்காலில் ஓடிக்கொண்டிருந்த தண்ணீர், எந்தப் பக்கம் போவதென்று தெரியாமல் அப்படியே நின்றது. கடைமடைக்கும் போகவில்லை, மடையடிக்கும் திரும்பவில்லை.

அம்பலம் வாய்க்காலைப் பார்த்துவிட்டு அவசரமாக வேப்பமரத்தடிக்கு வந்தார். குருவாயி அவருக்கு முன்பே அங்கே வந்து நின்றிருந்தாள். அவளுடைய நாற்றுக்கு இன்னும் பாதி வயல் தண்ணீர் வேண்டும்.

"இந்தா, எழுப்பு," என்றார் அம்பலம். "எந்தப் பக்கமாவது திரும்பிப் படுக்கச் சொல்லு. உன் பக்கம்னாலும் சரி, நாளைக்குப் பேசிக்கலாம்."

குருவாயி குனிந்து யோகமலரின் முகத்தைப் பார்த்தாள். வாய் லேசாகத் திறந்திருந்தது. பிறகு நின்றுபோன வாய்க்காலை ஒருமுறை பார்த்தாள்.

"சத்தம் போடாதீக," என்றாள் அம்பலத்திடம். "பங்காளி தூங்குது."